மனத்தைப் படிக்கும் இயந்திரம்: எந்த ஊமைப்படங்களைக் காட்டலாம்? ‘எண்ண வட்டத்தை’ எப்படி எடுப்பது?

லயத்துப்பிள்ளை கேட்டது:

வணக்கம் அண்ணன்மார்களே, அக்காமார்களே. மலேசியாவின் பேராக் மாநிலத்தில், சுங்கை சிப்புட் பக்கத்தில் ஒரு தோட்டத் தமிழ்ப்பள்ளி மண்டபத்தில், ஆண்டு இறுதி விடுமுறையில் ஒரு மாலை ஊமைப்படம் காட்டப்போகிறோம். பார்க்க வருபவர்கள் ஆண்டு 5, 6 பிள்ளைகள், படிவம் 1 முதல் 3 வரை படிப்பவர்கள், கூடவே தாத்தா பாட்டிகள். எடுத்துக்கொண்ட பொருள் பேசும்படத்துக்கு முந்திய அறிவியல் கற்பனை. அதிலும் ஒருவர் மனத்தில் ஓடுவதை வெளியே எடுத்துக் காட்டும் கருவி பற்றியது.

மொத்தம் 40 நிமிடத்துக்குள் அடங்கும்படி எந்தப் படங்களைக் காட்டலாம்? ஆள் யோசிக்கும்போது தலைக்குப் பக்கத்தில் ஒரு வட்டம் தோன்றி அதற்குள் அவர் நினைப்பது ஓடுகிறதே, அதைக் கணினி இல்லாத காலத்தில் எப்படி எடுத்தார்கள்? பிள்ளைகள் கைப்பேசியிலேயே 20 விநாடிக்கு அப்படி ஒன்று எடுக்க ஆசைப்படுகிறார்கள். அதில் காட்ட ஒரு ‘எண்ணக் கருவி’யும் செய்ய வேண்டும். மண்டபத்துக்குத் தகரக் கூரை, புரொஜெக்டர் 3000 லூமென், நான்கு காத்தாடிகள். எழுத்து அட்டைகள் எல்லாம் ஆங்கிலத்திலோ பிரெஞ்சிலோ இருப்பதால் தமிழில் ஒருவர் நின்று சொல்ல வேண்டியிருக்கும். விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

---

ரீல்பெட்டி எழுதியது:

தம்பி, கருவியின் பெயரைத் தலைப்பிலேயே வைத்த படங்களைத் தேடி அலையாதீர்கள். அந்தக் காலத்துப் படங்களில் பெரும்பகுதி அழிந்துவிட்டது. அமெரிக்காவில் 1912 முதல் 1929 வரை வெளியான முழுநீள ஊமைப்படங்கள் 10,919. முதலில் வெளியான வடிவத்தில் 35 மி.மீ. பிலிமில் மிஞ்சியவை அவற்றில் 14 விழுக்காடுதான் என்று அமெரிக்க நாடாளுமன்ற நூலகம் 2013இல் வெளியிட்ட ஆய்வு சொல்கிறது. நம் பக்கம் இன்னும் வேதனை. நடராஜ முதலியார் எடுத்த, தென்னிந்தியாவின் முதல் ஊமைப்படமான ‘கீசக வதம்’ ஓர் அடிகூட மிஞ்சவில்லை. அதனால் கையில் கிடைப்பதை வைத்து நிகழ்ச்சியைக் கட்டுங்கள். அதுவே போதுமான அளவுக்கு வளமானது.

தொடங்க வேண்டிய ஆள் இங்கிலாந்தின் பிரைட்டன் நகரத்து ஜி. ஏ. ஸ்மித். இவர் கேமராவைத் தொடுவதற்கு முன்பே மேடையில் ‘மனத்தைப் படித்தவர்’. 1882இல் லண்டனில், அமானுஷ்ய ஆற்றல்களை ஆராயும் மனோவியல் ஆராய்ச்சிக் கழகம் தொடங்கியது. மனத்திலிருந்து மனத்துக்கு நேரே எண்ணம் போவதைக் குறிக்கும் ‘டெலிபதி’ என்ற சொல்லை அதன் நிறுவனர்களில் ஒருவரான மையர்ஸ் உருவாக்கியதும் அதே ஆண்டில்தான். ஸ்மித்தும் அவர் கூட்டாளி டக்ளஸ் பிளாக்பர்னும் அந்தக் கழகத்தார் முன்னால், ஒருவர் பார்த்த படத்தை மற்றவர் கண்ணைக் கட்டிக்கொண்டு வரைந்து காட்டினார்கள். பல ஆண்டுகள் கழித்து பிளாக்பர்ன் அது தந்திரம் என்று எழுதிவிட்டார். கொடுத்த படத்தைச் சிகரெட் காகிதத்தில் பிரதி எடுத்து, பென்சிலின் பித்தளை மூடிக்குள் சுருட்டி வைத்து, பென்சிலைக் கைமாற்றினாராம். ஸ்மித் போர்வைக்குள் ஒளிரும் சாயம் பூசிய பலகையை வைத்திருந்து, அந்த வெளிச்சத்தில் காகிதத்தைப் பார்த்து வரைந்தாராம். ஸ்மித் கடைசிவரை இதை மறுத்தார். எது உண்மையானாலும், அடுத்தவர் மனத்தைக் காட்டுவதாக மேடையில் நின்ற அதே மனிதர்தான் 1898இல் திரையில் முதன்முதலாக எண்ண வட்டம் வைத்தவர்களில் ஒருவர். உங்கள் நிகழ்ச்சிக்கு இதைவிட நல்ல தொடக்கம் கிடைக்காது.

இன்னொன்றையும் பிள்ளைகளுக்குச் சொல்லுங்கள். லூமியேர் சகோதரர்கள் பாரிஸில் காசு வாங்கிக்கொண்டு முதல்முறையாகப் படம் காட்டிய நாள் 1895 டிசம்பர் 28. ரான்ட்ஜன் எக்ஸ்ரே பற்றிய தன் முதல் கட்டுரையைக் கொடுத்ததும் அதே நாள். உடம்புக்குள் இருக்கும் எலும்பைக் காட்டும் ஒளியும் ஓடும் படமும் ஒரே நாளில் உலகத்துக்கு வந்தன. எலும்பு தெரிந்தால் எண்ணமும் தெரியாதா என்று அன்றைக்கு நினைத்ததில் வியப்பில்லை. பிரான்சில் பராதுக் என்ற மருத்துவர் 1896இலேயே புகைப்படத் தகட்டில் ‘ஆன்மாவின் படம்’ விழுந்ததாகப் புத்தகம் போட்டார். தகட்டில் விழுந்தது கையின் சூடும், அசைக்காமல் விட்ட கழுவு மருந்தின் சுழலும்தான்.

நான் வைக்கும் வரிசை இது. முதலில் ஸ்மித்தின் ‘எக்ஸ்ரே’ (1897), ஒரு நிமிடம்கூட இல்லை. காதலர் இருவர் மீது கதிர் பட்டதும் எலும்புக்கூடாகிவிடுவார்கள். கறுப்பு உடையில் எலும்பு வரைந்து போட்டுக்கொண்ட நடிகர்கள்தான் அது. இரண்டாவது, அவருடைய ‘சாண்டா கிளாஸ்’ (1898), ஒரு நிமிடத்துக்குச் சற்று மேல். மூன்றாவது, எட்வின் போர்ட்டரின் ‘அமெரிக்கத் தீயணைப்பு வீரனின் வாழ்க்கை’ (1903), சுமார் 6 நிமிடம். முதல் காட்சியிலேயே நாற்காலியில் கண்ணயர்ந்த தலைவரின் நினைப்பு சுவரில் வட்டமாக வந்துவிடும். இதில் கவனம் வேண்டும். பிற்காலத்தில் யாரோ வெட்டி ஒட்டிய பிரதி ஒன்று சுற்றுகிறது. தாயையும் பிள்ளையையும் மீட்கும் காட்சி உள்ளிருந்து ஒருமுறை, வெளியிலிருந்து ஒருமுறை என முழுதாக இரண்டு தடவை வந்தால் அதுதான் மூலம்.

நான்காவதுதான் உங்களுக்கு வேண்டிய கருவி: பிரான்சின் மெலியெஸ் 1908இல் எடுத்த ‘தொலைதூர மின்புகைப்படம்’, சுமார் 6 நிமிடம். ஒரு கண்டுபிடிப்பாளர் கூடத்தில் பெரிய மின்கருவி வைத்திருப்பார். எதிரே உட்கார்ந்தவரின் முகத்தை அது திரையில் பெரிதாகக் காட்டும், ஆனால் வெளியே தெரியும் முகத்தை அல்ல. மரியாதையாக உட்கார்ந்த கிழவிக்கு இளிக்கும் முகம் வரும், பெரியவருக்குக் குரங்குச் சாயலில் ஒரு முகம் வரும். கோபத்தில் அவர் கருவியை உடைக்கப்போய் மின்சாரத்தில் மாட்டிக்கொள்வார். தாத்தா பாட்டிகள் முதல் சின்னப் பிள்ளைகள் வரை விளக்கமே இல்லாமல் புரிந்துகொள்வார்கள்.

ஐந்தாவது, ஜெர்மனியின் பாப்ஸ்ட் 1926இல் எடுத்த ‘ஓர் ஆன்மாவின் இரகசியங்கள்’. அதில் வரும் கனவுப் பகுதியை மட்டும் காட்டுங்கள்.

பிரெஞ்சுப் படம் ‘ஒரு குற்றத்தின் கதை’யை (1901) வேண்டாம் என்றே சொல்வேன். கைதி தூங்கும்போது தலைக்கு மேலே அவன் பழைய வாழ்க்கை ஓடும் காட்சி அருமையானது. ஆனால் படம் கொலையில் தொடங்கி, தலை வெட்டும் பொறியில் முடிகிறது. ஆண்டு 5 பிள்ளைகளுக்கு ஆகாது.

---

கறுப்புத்துணி எழுதியது:

எண்ண வட்டம் எடுப்பதைப் பற்றி நான் சொல்கிறேன். இதில் பலரும் தவறாக நினைப்பது, இரண்டு படங்களை ஒன்றன்மேல் ஒன்றாகப் போடுவதுதான் தந்திரம் என்பது. போடுவது எளிது. முதல் படத்தில் இரண்டாவது படத்துக்கென்று இருட்டை ஒதுக்கி வைப்பதுதான் வேலை. பிலிமில் வெளிச்சம் படாத இடம் எழுதாத பலகை மாதிரி. அங்கே மட்டும்தான் பிறகு எழுத முடியும்.

ஸ்மித்தின் ‘சாண்டா கிளாஸ்’ படத்தைக் கூர்ந்து பாருங்கள். தாதி வந்து பிள்ளைகளைப் படுக்கவைத்து விளக்கை அணைப்பாள். அந்த இடத்தில் கேமரா நின்று, அறையின் பின்சுவர் கறுப்பாகி, மறுபடி ஓடுகிறது. கதைக்கு விளக்கு அணைந்தது. கேமராவுக்கு வட்டத்துக்கான கறுப்பு கிடைத்தது. அந்தக் கறுப்பில்தான் கூரைமேல் நிற்கும் கிறிஸ்துமஸ் தாத்தா தெரிகிறார். கதையின் தேவையும் பிலிமின் தேவையும் ஒரே செயலில் முடிந்துவிடுகின்றன. 1898இல் இவ்வளவு தெளிவாக யோசித்திருப்பதை நினைத்தால் இன்றைக்கும் பிரமிப்பாக இருக்கிறது.

கையால் சுற்றும் கேமராவில் ஒரு சுற்றுக்கு 8 படச்சட்டங்கள். விநாடிக்கு இரண்டு சுற்று, அதாவது 16 சட்டங்கள். 35 மி.மீ. பிலிமில் ஓர் அடிக்கு 16 சட்டம் என்பதால் விநாடிக்குச் சரியாக ஓர் அடி ஓடும். 20 விநாடிக் காட்சிக்கு 40 சுற்று, 320 சட்டம், 20 அடி. முதலில் கேமராவைத் தரையோடு அசையாமல் கட்டி, ஆரம்பச் சட்டத்தில் அடையாளம் வைத்து, தூங்கும் ஆளை எடுப்பார்கள். எண்ணம் எத்தனையாவது சுற்றில் வரவேண்டும் என்று ஒருவர் வாய்விட்டு எண்ணிக்கொண்டே இருப்பார். பிறகு லென்ஸை மூடி, அதே 40 சுற்றைப் பின்னோக்கிச் சுற்றுவார்கள். அடுத்து, வட்ட ஓட்டை வெட்டிய கறுப்பு அட்டையை லென்ஸுக்கு முன்னால் வைத்து, எண்ணக் காட்சியைக் கறுப்புத் துணிக்கு முன்னால் எடுப்பார்கள். எண்ணிக்கையில் ஒரு சுற்று பிசகினாலே அரை விநாடி தள்ளிப்போகும். ஆள் விழித்து எழுந்த பிறகும் கனவு ஓடிக்கொண்டிருக்கும்.

அடுத்த சிக்கல் ஆட்டம். பிலிமின் ஓரத் துளைகள் எல்லாம் ஒரே அளவில் இருக்காது. முதல் தடவை ஓடியதற்கும் இரண்டாம் தடவைக்கும் மயிரிழை வித்தியாசம் வந்தால், அறை நிலையாக நிற்க வட்டம் மட்டும் நடுங்கும். 1912 வாக்கில் வந்த பெல் அண்ட் ஹவல் 2709 கேமராவில், சட்டம் நிற்கும்போது அதைக் குத்திப் பிடிக்கும் நிலையான ஊசிகள் இருந்தன. அதற்குப் பிறகுதான் இந்த நடுக்கம் அடங்கியது. பழைய படங்களில் வட்டம் நடுங்குவதைப் பிள்ளைகளுக்குச் சுட்டிக்காட்டுங்கள். இரண்டு தடவை ஓடிய பிலிம் என்பதற்கு அதுதான் சாட்சி.

இனி கைப்பேசிக்கு வருவோம். முக்காலி கட்டாயம். குவியம், வெளிச்ச அளவு, வெள்ளைச் சமநிலை மூன்றையும் பூட்டிவிடுங்கள். தானாக மாற விட்டால் ஆள் அசையும்போதெல்லாம் பின்னணி கறுப்பும் ஏறி இறங்கும். இங்கே மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் விநாடிக்கு 25 சட்டம், ஷட்டர் 1/50 வையுங்கள், குழல்விளக்கு மினுக்காது.

முதல் காட்சி: மேசையில் தலை சாய்த்த பிள்ளை. தலைக்கு வலப்பக்கம் மேலே, வட்டம் வரப்போகும் இடத்தில், குறைந்தது ஒரு மீட்டர் சதுரத்துக்குக் கறுப்புத் துணி தொங்க வேண்டும். பள்ளி மண்டபத்துச் சுவர் வெள்ளையாகவோ இளம்பச்சையாகவோ இருந்தால் அதன்மேல் எண்ணம் ஏறாது, வெளிறிய கறை மாதிரி நிற்கும்.

இரண்டாவது காட்சி: நினைக்கப்படும் ஆள். பின்னால் 3 மீட்டருக்கு 2 மீட்டர் கறுப்பு வெல்வெட். சாதாரணக் கறுப்புப் பருத்தி பளபளக்கும், வேண்டாம். ஆள் துணியிலிருந்து 2 மீட்டர் முன்னால் நிற்கட்டும். விளக்கு ஆளுக்கு 1 மீட்டரில் இருந்தால் துணி விளக்கிலிருந்து 3 மீட்டரில் இருக்கும். வெளிச்சம் தூரத்தின் வர்க்கத்தில் குறைவதால் துணிமேல் ஒன்பதில் ஒரு பங்குதான் விழும்.

தொகுப்புச் செயலியில் இரண்டாவதை மேல் அடுக்காக வைத்து, கலப்பு முறையில் ‘ஸ்கிரீன்’ தேர்ந்தெடுங்கள். அதன் கணக்கு, இரண்டு படங்களின் இருட்டையும் பெருக்குவது. இங்கே 0 என்றால் முழுக் கறுப்பு, 255 என்றால் முழு வெள்ளை. மேல் படத்தின் கறுப்பு 0 என்றால் கீழே 100 இருந்த இடம் 100 ஆகவே இருக்கும். துணி சரியாகக் கறுக்காமல் 30 என்று விழுந்திருந்தால் அதே இடம் 118 ஆகிவிடும், படம் முழுக்கப் பனி மூடினாற்போல் ஆகும். அப்படி ஆனால் மேல் அடுக்கின் கறுப்புப் புள்ளியை 35, 40 வரை ஏற்றுங்கள்.

வட்ட அட்டையைக் கைப்பேசிக்கு முன் வைக்காதீர்கள். அந்தச் சின்ன லென்ஸில் அட்டையின் விளிம்பு கத்தரித்த மாதிரி கூர்மையாக விழும். வட்டத்தைச் செயலியிலேயே போட்டு விளிம்பை மங்கலாக்குங்கள்.

---

கம்பிச்சுருள் எழுதியது:

கருவி செய்வதைச் சொல்வதற்கு முன், ரீல்பெட்டி அண்ணனோடு ஒரு சின்னக் கருத்து வேறுபாடு. பாப்ஸ்ட் படத்தில் கருவியே கிடையாது. அங்கே மனத்தைத் திறப்பவர் உளப்பகுப்பாய்வு மருத்துவர். கனவிலும் கத்தி, பொறாமை என்று பிள்ளைகளுக்கு ஒட்டாத சங்கதிகள். தலைப்புக்கு உண்மையாக இருக்க வேண்டுமென்றால் அதை விட்டுவிடலாம்.

கருவிக்கு மாதிரியாக 1911ஐப் பாருங்கள். அந்த ஆண்டு ஹ்யூகோ கெர்ன்ஸ்பேக் தன் மின்னியல் இதழில் தொடராக எழுதிய எதிர்காலக் கதையில் ‘மெனோகிராஃப்’ என்ற எண்ணப் பதிவுக் கருவி வருகிறது. நெற்றிப் பொட்டுகளில் இரண்டு உலோக வட்டுகள், எண்ணம் காகித நாடாவில் வளைகோடாக ஓடும். அது ஏன் வானொலிக் கருவி மாதிரி இருக்கிறது என்று பிள்ளைகள் கேட்டால், மார்க்கோனி அட்லாண்டிக் கடலைத் தாண்டிச் சைகை வாங்கியது 1901 டிசம்பரில்தான் என்று சொல்லுங்கள். கம்பியில்லாமல் செய்தி போகும் என்றால் மூளையிலிருந்தும் போகாதா என்பது அப்போது எல்லோர் மனத்திலும் இருந்த கேள்வி. மூளையின் மின்னலைகளை மனிதரிடம் ஹான்ஸ் பெர்கர் முதலில் பதிந்தது 1924இல், வெளியிட்டது 1929இல். அதுவும் எண்ணம் அல்ல, மைக்ரோவோல்ட் அளவில் ஓர் அலை. கற்பனை கருவியை முந்திக்கொண்டது.

தோட்டத்தில் கிடைப்பதை வைத்தே செய்யலாம். தலைக்கு ஓர் அலுமினிய வடிதட்டு, உள்ளே சுற்றிலும் 2 செ.மீ. அகலத்தில் பஞ்சுப் பட்டை. பொட்டுகளுக்கு இரண்டு மைலோ டின் மூடிகள், ஓரத்தை மடக்கி மேலே துணி நாடா ஒட்டுங்கள், இல்லையென்றால் தோலைக் கிழிக்கும். சுருளுக்கு 110 மி.மீ. பி.வி.சி. குழாய் 40 செ.மீ. நீளம், அதன்மேல் 60 சுற்று கம்பி. ஒரு சுற்றுக்கு 35 செ.மீ. போகும், மொத்தம் 21 மீட்டர் வேண்டும், 25 மீட்டர் வாங்குங்கள். நாடாவுக்குக் கல்லாப்பெட்டி ரசீதுச் சுருள் ஒன்று, 57 மி.மீ. அகலம். இரண்டு பென்சில்களை அச்சாக வைத்து ஒரு பிள்ளை மேசைக்குப் பின்னாலிருந்து இழுக்கட்டும்.

வெளிச்சத்துக்கு 12 வோல்ட் எல்.இ.டி. பட்டை ஒரு மீட்டர், 2 ஆம்பியர் அடாப்டர். தலையில் போடும் பாகத்துக்கு எந்த மின்கம்பியும் போகக்கூடாது, 12 வோல்ட்கூட வேண்டாம். தீப்பொறி வேண்டுமென்று கொசு மட்டையைப் பிரித்து உள்ளே இருப்பதை எடுக்கப் பையன்கள் துடிப்பார்கள், விடாதீர்கள். அதன் மின்தேக்கி பேட்டரியைக் கழற்றிய பிறகும் அடிக்கும். பொறியைத் தொகுப்பில் வரைந்துகொள்ளலாம்.

முக்கியமான ஒன்று: கம்பியைச் செம்பு நிறத்திலேயே விடாதீர்கள். அன்றைய பிலிம் சிவப்பைப் பார்க்காது. செம்பும் பித்தளையும் நமக்கு மின்னும், பிலிமில் மண்டிய கறுப்பாக விழும். அந்தத் தோற்றத்தைக் கொண்டுவரப்போகிறீர்கள் என்றால் எல்லாவற்றுக்கும் அலுமினிய வெள்ளிச் சாயம் அடியுங்கள். மெலியெஸ் தன் அரங்கங்களைச் சாம்பல் நிறச் சாயல்களிலேயே தீட்டியதற்குக் காரணம் இதுதான். வண்ணம் பிலிமில் எப்படி மாறும் என்று நம்ப முடியாது.

---

ரீல்பெட்டி எழுதியது:

கம்பிச்சுருள் சொல்வது பிள்ளைகளைப் பொறுத்தவரை சரி, கத்தி வரும் இடங்களை நானும் காட்டச் சொல்லவில்லை. ஆனால் படத்தை முற்றிலும் ஒதுக்க மனம் வரவில்லை. உளப்பகுப்பாய்வைத் தொடங்கிய ஃபிராய்டின் சீடர்கள் கார்ல் ஆப்ரஹாமும் ஹான்ஸ் சாக்ஸும் அதற்கு ஆலோசகர்கள், ஃபிராய்டு ஒத்துழைக்க மறுத்த படம். அதில் ஒளிப்பதிவாளர் கீடோ ஸீபர், கறுப்புத்துணி சொன்ன அதே பின்னோக்கிச் சுற்றும் முறையை அடுக்கடுக்காகச் செய்து கனவைக் கேமராவுக்குள்ளேயே கட்டினார். 1898இல் ஒரு வட்டத்துக்குள் இருந்த எண்ணம் 28 ஆண்டில் திரை முழுக்கப் பரவிவிட்டதைக் காட்ட அதைவிட நல்ல சான்று இல்லை. படிவ மாணவர்களுக்கு மட்டும் தனியாக, 3 நிமிடம், நகரம் முளைத்து எழும் பகுதியைக் காட்டுங்கள்.

---

லயத்துப்பிள்ளை எழுதியது:

மிக்க நன்றி. சோதனைக்கு ஒரு காட்சி எடுத்துப் பார்த்தோம். பழைய படத் தோற்றம் வர நீலத் தடத்தை மட்டும் வைத்துக் கறுப்புவெள்ளை ஆக்கினோம். பிள்ளைகளின் முகம் ரொம்பக் கறுத்து, கண்ணும் பல்லும்தான் தெரிகிறது. என்ன செய்யலாம்? மண்டபத்து ஏற்பாட்டைப் பற்றியும் யாராவது சொல்லுங்கள்.

---

கறுப்புத்துணி எழுதியது:

அது தவறு இல்லை, அந்தக் கால பிலிமின் குணம். நம் தோலில் சிவப்பும் மஞ்சளும் கூடுதல், நீலம் குறைவு. நீலத்தை மட்டும் எடுத்தால் முகம் இரண்டு படி இறங்கும். குங்குமப் பொட்டு கறுக்கும், மஞ்சள் சட்டை சாம்பலாகும், பள்ளி நீல உடுப்பு வெளுக்கும். நீலம் 60, பச்சை 40 என்று கலந்து பாருங்கள், சிவப்பு 0 ஆகவே இருக்கட்டும். தோற்றமும் கெடாது, முகமும் வரும். எடுக்கும்போதே முகத்துக்கு ஒரு படி கூடுதல் வெளிச்சம் கொடுங்கள். முகத்தில் வெள்ளைப் பவுடர் அப்பச் சொல்வார்கள், கேட்காதீர்கள். பிள்ளையின் முகம் அதனுடைய நிறத்திலேயே துலங்கும்படி விளக்கை நகர்த்துவதுதான் ஒளிப்பதிவு.

---

திடல்திரை எழுதியது:

மண்டபத்தைப் பற்றி. 3000 லூமெனுக்குத் திரை அகலம் 3 மீட்டருக்கு மேல் போக வேண்டாம். ஊமைப்படச் சட்டம் 4:3 என்பதால் உயரம் 2.25 மீட்டர். உங்கள் புரொஜெக்டர் 16:9 வகையாக இருந்தால் அதில் முக்கால் பகுதிதான் 4:3 படத்துக்குப் பயன்படும், வெளிச்சமும் அந்த அளவு குறையும். சிலர் பக்கவாட்டுக் கறுப்பு பிடிக்காமல் படத்தை இழுத்துவிடுவார்கள். ஸ்மித்தின் வட்டம் முட்டை ஆகிவிடும். வட்டம் வட்டமாக இருக்கிறதா என்பதையே சோதனையாக வைத்துக்கொள்ளுங்கள்.

பேராக்கில் ஏழு, ஏழேகால் வரை வெளிச்சம் இருக்கும். தகரத்துக்கும் சுவருக்கும் நடுவில் உள்ள காற்று இடைவெளி வழியாக வருவது திரையை வெளுத்துவிடும். 7.45க்கு முன் தொடங்காதீர்கள். துணித் திரையாக இருந்தால் அடியில் மூன்று மீட்டர் இரும்புக் குழாய் ஒன்றைத் தைத்த மடிப்புக்குள் செருகுங்கள், இல்லையென்றால் காத்தாடிக் காற்றில் முகங்கள் நெளியும். முன்வரிசைக் காத்தாடி இரண்டை நிறுத்திவிடலாம்.

ஆண்டு இறுதி மழைக்காலம். தகரத்தில் மழை பிடித்தால் ஆர்மோனியம் கேட்காது, சொல்பவர் குரலும் கேட்காது. ஒலிபெருக்கி வைத்துக்கொள்வதோடு, எழுத்து அட்டைகளின் தமிழை 50 செ.மீ. அட்டைகளில் எழுதித் திரைக்குப் பக்கத்தில் தூக்கிக் காட்ட ஒரு பிள்ளையையும் ஏற்பாடு செய்யுங்கள். மழை வந்தாலும் நிகழ்ச்சி நிற்காது.

தமிழில் சொல்பவருக்கு: எழுத்து அட்டை திரையில் வந்து நின்ற பிறகு படியுங்கள், மறைவதற்கு ஒரு விநாடி முன்னால் முடித்துவிடுங்கள். இதற்காக ஒவ்வொரு அட்டையும் எத்தனை விநாடி நிற்கிறது என்று முன்கூட்டியே குறித்துக்கொள்ள வேண்டும். 5 விநாடி அட்டைக்கு எட்டு, ஒன்பது சொல்தான் தாங்கும். மொழிபெயர்ப்பை அந்த அளவுக்குச் சுருக்குங்கள். தமிழ்நாட்டிலும் அந்தக் காலத்தில் கொட்டகையில் ஒருவர் நின்று எழுத்தைப் படித்துக் கதை சொன்னார், இது நமக்குப் பழக்கமான வழிதான். ஆனால் எண்ண வட்டம் தோன்றும் இடத்தில் மட்டும் வாய் திறக்காதீர்கள். “இப்போது அவர் மனைவியை நினைக்கிறார்” என்று சொல்லிவிட்டால், பிள்ளைகள் தாங்களாகவே கண்டுபிடிக்கும் அந்த நொடி போய்விடும்.

அனுமதி விஷயம்: 2002ஆம் ஆண்டுத் திரைப்படத் தணிக்கைச் சட்டப்படி பொதுவில் காட்டும் படத்துக்கு ஒப்புதல் தேவை. பள்ளி நிர்வாகம் வழியாக முன்கூட்டியே கேட்டுவிடுங்கள். பதிப்புரிமையில், நம் நாட்டில் திரைப்படத்துக்கு வெளியான ஆண்டுக்குப் பின் 50 ஆண்டு என்பதால் 1908 படங்களுக்குத் தடை இல்லை. ஆனால் இணையப் பிரதிகளில் சேர்த்திருக்கும் பின்னணி இசை புதியது, அதற்கு உரிமை இருக்கலாம். ஒலியை நிறுத்திவிட்டு உங்கள் ஆர்மோனியத்தையும் தபலாவையும் வையுங்கள்.

---

லயத்துப்பிள்ளை எழுதியது:

கடைசியாக ஒன்று. ஒரே படத்துக்கு இரண்டு பிரதிகள் கிடைக்கின்றன. ஒன்று 6 நிமிடம், இன்னொன்று 4. வெட்டப்பட்டது எது என்று எப்படிக் கண்டுபிடிப்பது?

---

ரீல்பெட்டி எழுதியது:

பெரும்பாலும் இரண்டும் முழுசாகவே இருக்கும். 6க்கு 4 என்பது 24க்கு 16. விநாடிக்கு 16 சட்டத்தில் எடுத்ததை 24இல் ஓட்டிப் பதிந்திருக்கிறார்கள், அதனால்தான் ஆட்கள் குடுகுடுவென்று ஓடுகிறார்கள். 1000 அடி ரீல் 16இல் 16 நிமிடம் 40 விநாடி ஓடும், 24இல் 11 நிமிடம் 7 விநாடி. இரண்டு பிரதியையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, முதல் காட்சி மாறும் நேரத்தையும் கடைசிக் காட்சி தொடங்கும் நேரத்தையும் குறியுங்கள். இரண்டு இடத்திலும் விகிதம் ஒன்றரையாகவே வந்தால் எதுவும் வெட்டப்படவில்லை. நடுவில் விகிதம் மாறினால் அங்கேதான் துண்டு காணாமல் போயிருக்கிறது. 4 நிமிடப் பிரதிதான் படத் தரத்தில் நன்றாக இருக்கிறது என்றால் அதையே எடுத்து வேகத்தை 0.67இல் வையுங்கள். வி.எல்.சி.யில் அந்த எண்ணை அப்படியே கொடுக்கலாம். 0.75 மட்டும்தான் கிடைக்கிறது என்றால் அது 18 சட்ட வேகம், அதுவும் பரவாயில்லை. வேகத்தை மாற்றிய பிறகு, சொல்பவர் குறித்து வைத்த எழுத்து அட்டை விநாடிகளையும் மறுபடி குறிக்க வேண்டும்.